கண்ணாடிக்குப் பின்னால் இருப்பவர்

பெங்களூர் ரிச்சர்ட்ஸ் டவுனில் புருஷன் பெண்டாட்டி தகராறு என்றால், தீர்த்து வைக்க முன்பெல்லாம் ஆள் தேட வேண்டியிருக்காது. பழைய கன்டோன்மென்ட்டைச் சேர்ந்த, வெள்ளைக்கார அதிகாரி ஒருவரின் பெயரைத் தாங்கிய பேட்டை இது. கிறிஸ்தவர்களுக்குச் சர்ச் பாதிரியார் இருந்தார். முஸ்லிம்களுக்கு ஜமாத் பெரியவர்கள். மற்றவர்களுக்குத் தாய்மாமன், அல்லது தெருவில் நாலு பேர் மதிக்கும் ஒரு பெரிய மனுஷர். எல்லோரும் ஆண்கள். எல்லோரும் ஐம்பதைத் தாண்டியவர்கள். இந்த வேலைக்கு என்று எவரும் எங்கும் படித்ததில்லை.

இன்று அதே வீடுகளிலிருந்து கவுன்சலிங்குக்குப் போகிறார்கள். மேஜைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருப்பவர் பெரும்பாலும் ஒரு பெண். பல இடங்களில் முப்பது வயதுகூட ஆகாதவர். சமூகப் பணியிலோ மனோதத்துவத்திலோ முதுகலைப் பட்டம் பெற்றவர். பஞ்சாயத்துப் பெரியவரின் நாற்காலியில் ஓர் இளம்பெண்! இது பெரிய மாற்றம்தான், சந்தேகமில்லை. ஆனால் அந்தப் பெண்ணுக்குத் தொழில் கற்றுக்கொடுப்பவர் யார், அவர் பேசுவதைக் கேட்டுத் திருத்துபவர் யார், அந்தத் திருத்தல் எந்தக் கண்ணோட்டத்தில் நடக்கிறது என்ற கேள்வி அதிகம் எழுவதில்லை. வீட்டுக்குத் திரும்பிப் போகலாமா, கூடாதா என்று அவர் எதிரே காத்திருக்கும் மனைவியின் கதி, பல சமயம் இதற்கான பதிலில்தான் தொங்குகிறது.

குடும்ப சிகிச்சையில் இந்தத் திருத்தலுக்கு சூப்பர்விஷன் என்று பெயர். தமிழில் 'மேற்பார்வை' என்று மொழிபெயர்க்கிறார்கள். கட்டட வேலை நடக்கும் இடத்தில் குடையைப் பிடித்துக்கொண்டு நிற்கும் மேஸ்திரிதான் உடனே நினைவுக்கு வருவார். மொழிபெயர்ப்பு அப்படியொன்றும் தவறில்லை என்பதுதான் வேடிக்கை.

மற்ற மருத்துவங்களில் இல்லாத ஒரு விசேஷம் இதில் உண்டு. சிகிச்சை அறையின் ஒரு சுவரில் கண்ணாடி. உள்ளே இருப்பவர்களுக்கு அதில் தங்கள் முகம்தான் தெரியும். மறுபுறம் இருட்டறையில் மேற்பார்வையாளரும் மற்ற மாணவர்களும் உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருப்பார்கள். பார்க்கப்படுவது குடும்பத்துக்கும் தெரியும், சம்மதம் வாங்கித்தான் செய்வார்கள். நடுவில் போன் மணி அடிக்கும். 'அப்பாவிடம் கேளுங்கள், அம்மாவைக் கொஞ்சம் நிறுத்துங்கள்' என்று உத்தரவு வரும். பயிற்சியில் இருப்பவர் அதன்படி செய்வார். ஜே ஹேலி, சால்வடார் மினூச்சின் போன்ற அமெரிக்க முன்னோடிகள் பரப்பிய முறை இது. எல்லா இடங்களிலும் கண்ணாடி இருக்காது. டேப்பில் பதிவு செய்து பிறகு கேட்பதுண்டு. மாணவர் எழுதிவந்த குறிப்பை வைத்துப் பேசுவதும் உண்டு.

ரிச்சர்ட்ஸ் டவுனிலிருந்து பெங்களூரின் மறுகோடிக்குப் போனால், ஓசூர் ரோட்டில் நிம்ஹான்ஸ். 1974ல் பழைய மனநோய் மருத்துவமனையும் 1954ல் தொடங்கிய அகில இந்திய மனநல நிறுவனமும் இணைந்து உருவான இது, இந்தியாவில் குடும்ப சிகிச்சைக்குப் பெயர்போன இடம். குடும்பத்தோடு வந்து தங்கி சிகிச்சை பெற இங்கே தனிப் பிரிவே இருக்கிறது. குடும்பத்தை மருத்துவமனைக்குள் கொண்டுவரும் யோசனை அதற்கும் முந்தியது. 1950களில் அமிர்தசரஸ் மனநோய் மருத்துவமனையில் டாக்டர் வித்யாசாகர், வளாகத்தில் கூடாரம் போட்டு நோயாளியுடன் உறவினர்களையும் தங்க வைத்தார். வேலூர் சி.எம்.சி.யின் மனநலப் பிரிவும் அந்தப் பத்தாண்டிலேயே அதே வழியில் போனது. மேல்நாட்டு மருத்துவமனைகள் குடும்பத்தை வாசலோடு நிறுத்திக்கொண்டிருந்த காலம் அது. இந்திய மனநல மருத்துவத்தின் பெருமைகளில் ஒன்றாக இதைச் சொல்வார்கள், நியாயம்தான். ஆனால் 'குடும்பம் கூடவே தங்கியது' என்ற வாக்கியத்தில் குடும்பம் என்ற சொல்லுக்கு நடைமுறையில் என்ன அர்த்தம்? பெரும்பாலும் ஒரு தாய், ஒரு மனைவி, அல்லது கல்யாணமாகாத ஒரு அக்கா. சமைத்து, துவைத்து, மாத்திரை கொடுத்து, ராத்திரி கண்விழித்தவர். அண்ணன் தம்பிகள் டிஸ்சார்ஜ் அன்று வருவார்கள்.

பயிற்சிக்கு வரும் இளம்பெண் எதிர்கொள்ளும் முதல் சிக்கலை எந்தப் பாடப்புத்தகத்திலும் தேட வேண்டியதில்லை, ஒரு குடும்பம் உள்ளே நுழைந்து உட்காரும்போதே பார்க்கலாம். பக்கத்தில் ஒரு ஆண் மாணவர் இருந்தால் அவர் 'சார்', கொஞ்ச நேரத்தில் 'டாக்டர்'. அவள் 'ஏம்மா'. மாமனார் முதல் கேள்வியை அவளிடமே கேட்டுவிடுவார்: 'உனக்குக் கல்யாணம் ஆயிடுச்சாம்மா?' இல்லை என்றால் அவள் சொல்வதற்கு மதிப்பில்லை. ஆகிவிட்டது என்றால் குழந்தை உண்டா என்பது அடுத்த கேள்வி. கல்யாணமாகாத ஆண் மாணவருக்கும் இந்தக் கேள்வி வரலாம். ஆனால் அவருக்கு அது விசாரிப்பு. சில சமயம் வரன் பார்ப்பதற்கான முன்னோட்டம். அவளுக்கு அது தகுதித் தேர்வு.

மேற்பார்வையாளர் இதை எப்படி எடுத்துக்கொள்கிறார் என்பதில்தான் விஷயம் இருக்கிறது. 'உன்னிடம் தன்னம்பிக்கை குறைவு, குரலை உயர்த்திப் பேசு' என்று மாணவியின் குறையாக அதைப் பார்க்கலாம். அல்லது, இதே மாமனார் வீட்டில் மருமகளிடம் எப்படிப் பேசுவார் என்பதற்கு இந்த இரண்டு நிமிடமே சாட்சி என்று காட்டிக்கொடுக்கலாம். முதலாவது சுலபம். இரண்டாவதற்கு, வீட்டுக்குள் யார் யாரை எப்படி அழைக்கிறார்கள் என்பதும் சிகிச்சைக்கு வேண்டிய தகவல்தான் என்று மேற்பார்வையாளர் நம்ப வேண்டும்.

தொழில்முறை சாமர்த்தியம் என்ற பெயரிலும் பாகுபாடு உள்ளே வரும். அப்பாவை முறைத்துக்கொள்ளாதே, அவர் கோபித்துக்கொண்டால் அடுத்த வாரம் குடும்பமே வராது என்பது மாணவர்களுக்குச் சொல்லப்படும் பழைய யோசனை. அனுபவத்தில் பிறந்த யோசனை, பொய்யும் இல்லை. அம்மா எப்படியும் வருவாள். சொன்னதைக் கேட்பாள். ஆகவே மாறவேண்டியவள் அம்மாதான் என்று முடிகிறது. மாறத் தயாராக இருப்பவர் தலையில் வேலை விழுகிறது, மாற மறுப்பவருக்கு மரியாதை கிடைக்கிறது.

அமெரிக்காவில் இதை முதலில் உரக்கச் சொன்னவர்கள் இந்தத் துறைக்குள்ளேயே இருந்த பெண்கள்தான். 1977ல் மரியான் வால்டர்ஸ், பெட்டி கார்ட்டர், பெக்கி பாப், ஓல்கா சில்வர்ஸ்டைன் என்ற நான்கு சிகிச்சையாளர்கள் ஒன்றுசேர்ந்து, தாங்கள் கற்ற முறைகளையே பெண்களின் கோணத்திலிருந்து அலச ஆரம்பித்தார்கள். 1988ல் அது புத்தகமானது. 1978ல் ரேச்சல் ஹேர்-மஸ்டின், துறையின் முக்கியப் பத்திரிகையான 'ஃபேமிலி ப்ராசஸ்'ஸில் எழுதிய கட்டுரை, குடும்ப சிகிச்சை எதைக் கேள்வி கேட்காமல் விட்டது என்று எடுத்துக்காட்டியது. அவர்கள் குறிவைத்தது துறையின் அஸ்திவாரக் கொள்கையை: குடும்பம் ஒரு வட்டம், அதில் ஒருவர் செய்வது மற்றவர் செய்வதைத் தூண்டுகிறது, அது மறுபடி இவரைத் தூண்டுகிறது, ஆகவே யாரையும் குற்றவாளி என்று சொல்ல முடியாது.

தமிழர்களுக்கு இது புதிய தத்துவம் அல்ல. 'ஒரு கை தட்டினால் ஓசை வராது' என்று பஞ்சாயத்துப் பெரியவர் சொன்னதும் இதைத்தான். பிள்ளை படிக்க மறுப்பதற்கோ, மாமியார் மருமகள் பேச்சுவார்த்தை நின்றதற்கோ இந்தப் பழமொழி உதவும். கன்னத்தில் அறை விழுவதற்கு? அதற்கு ஒரு கை போதும். இரண்டாவது கை தேவையே இல்லை. குடும்பத்தை வட்டமாகப் பார்க்கும் கொள்கை, அந்த வட்டத்துக்குள் ஒருவருக்கு மட்டும் சம்பளம், வீட்டுப் பத்திரம், கைபலம் மூன்றும் இருப்பதைக் கணக்கில் எடுக்கவில்லை என்பதுதான் அந்தப் பெண்களின் வாதம். பல வருஷம் கழித்து இந்தியச் சட்டம் ஒன்று ஏறக்குறைய அதே இடத்துக்கு வந்து சேர்ந்தது. அதைப் பிறகு பார்க்கலாம்.

அப்படியானால் பெண்களையே சிகிச்சையாளராகவும் மேற்பார்வையாளராகவும் போட்டுவிட்டால் தீர்ந்ததா? இந்த எதிர்பார்ப்பைக் கலைக்கும் இரண்டு ஆய்வுகள் உண்டு. 1990ல் நெல்சன், ஹாலோவே என்ற இரு ஆய்வாளர்கள், கவுன்சலிங் மாணவர்களுக்கும் மேற்பார்வையாளர்களுக்கும் நடந்த உரையாடல்களை வரிவரியாக அலசினார்கள். மாணவிகள் அதிகாரத்தோடு ஒரு கருத்தைச் சொல்ல முன்வந்தபோது மேற்பார்வையாளர்கள் அதை ஊக்குவிப்பது குறைவாக இருந்தது. ஆண் மேற்பார்வையாளர்களோடு பெண் மேற்பார்வையாளர்களும் இதில் சேர்த்தி. மாணவிகளும் தங்கள் பங்குக்குச் சட்டென்று விட்டுக்கொடுத்தார்கள். 1997ல் வெர்னர்-வில்சனும் சகாக்களும் சிகிச்சை அறைகளுக்குள்ளேயே எண்ணிப் பார்த்தார்கள். சிகிச்சையாளர் ஆண்களைக் குறுக்கிட்டு நிறுத்தியதைப்போல் மூன்று மடங்கு, பெண்களை நிறுத்தினார். குறுக்கிட்டவர் ஆணா பெண்ணா என்பதால் பெரிய வித்தியாசம் எதுவும் ஏற்படவில்லை.

சாய்வு நாற்காலியில் உட்காருபவரிடம் இல்லை. உட்காரப் பழகும்போது அது கூடவே படிந்துவிடுகிறது. கல்லூரியில் மகளிரியல் பாடம் எடுத்துத் தேர்வில் நல்ல மார்க் வாங்கிய மாணவியும், ஒரு தகப்பனார் குரலைச் சற்று உயர்த்தினால் அம்மாவைப் பார்த்துக் 'கொஞ்சம் இருங்கம்மா' என்றுதான் சொல்லுவாள். சொன்னதே அவளுக்குத் தெரியாது. தெரியப்படுத்த வேண்டியவர் கண்ணாடிக்குப் பின்னால் இருப்பவர். அவருக்கும் தெரியவில்லை என்றால் அங்கே கண்ணாடி இருந்து என்ன பயன்?

இந்தியாவில் இன்னொரு முடிச்சும் உண்டு. 1973ல் மனநல மருத்துவர் ஜே. எஸ். நேக்கி, குரு-சிஷ்ய உறவை மனநல சிகிச்சைக்கே ஒரு முன்மாதிரியாகக் கொள்ளலாம் என்று எழுதினார். நோயாளியைச் சொந்தக் காலில் நில் என்று தள்ளிவிடும் மேல்நாட்டு முறையைவிட, அன்போடும் அதிகாரத்தோடும் கைப்பிடித்துக் கூட்டிப்போகும் குரு நம் மண்ணுக்குப் பொருந்துவார் என்பது அவர் எண்ணம். சிகிச்சைக்கு அது எவ்வளவு பொருந்துமோ, பயிற்சிக்கூடங்களில் குரு ஏற்கனவே அமர்ந்துவிட்டார். கையெழுத்து அவருடையது, மதிப்பெண் அவருடையது, வேலைக்கான சிபாரிசுக் கடிதமும் அவருடையது. 'குடும்பத்தில் எல்லோரும் மனம்விட்டுப் பேச வேண்டும்' என்று காலையில் ஒரு வீட்டாருக்கு உபதேசம் செய்த மாணவி, மதியம் குருவின் அறையில் மனம்விட்டுப் பேச முடியாமல் குறிப்பெடுத்துக்கொண்டிருப்பாள். குரு பெண்ணாக இருந்தால் சில இடங்களில் நிலைமை தளரும். சில இடங்களில் மாமியார் ஸ்தானம் ஒன்று புதிதாக உருவாகும்: 'நாங்கள் இதைவிடக் கஷ்டப்பட்டுத்தான் வந்தோம்.'

எண்ணிக்கையில் குறைவான ஆண் மாணவர்களின் பாடு வேறு. அவர்களுக்கு அதிகாரம் சும்மாவே கிடைத்துவிடுவதால் அதை எப்படி இறக்கிவைப்பது என்று யாரும் கற்றுத்தருவதில்லை. அழும் கணவன் எதிரில் உட்கார்ந்திருக்கும்போது திணறிப்போய்ச் சட்டென்று யோசனை சொல்ல ஆரம்பிப்பார்கள். வீட்டு வேலையை யார் செய்கிறார்கள் என்று ஒரு கணவனிடம் விலாவாரியாகக் கேட்க மாணவியைவிட அவர்களுக்கு வசதி அதிகம், அந்தக் கேள்வியில் பகை இருப்பதாகக் கணவன் நினைக்கமாட்டான். கேட்கும்படி அவர்களிடம் சொல்வார் இல்லை.

மொழியின் கதை தனிக் கதை. பெங்களூரில் பயிற்சி ஆங்கிலத்தில் நடக்கிறது. குடும்பம் வந்து பேசுவது கன்னடத்தில், தமிழில், உருதுவில், தெலுங்கில். ரிச்சர்ட்ஸ் டவுன் பக்கத்து வீடு ஒன்றைக் கற்பனை செய்துகொள்ளலாம். பாட்டிக்குத் தமிழ், பேரனுக்கு இங்கிலீஷ், போலீஸ்காரரிடம் கன்னடம். கேரளத்திலிருந்தோ ஹூப்ளியிலிருந்தோ வந்த மாணவிக்கு மாமியாரின் தமிழ் புரியாது. மொழிபெயர்க்க யார்? இங்கிலீஷ் தெரிந்த மருமகள். தன் மீதே சுமத்தப்படும் குற்றச்சாட்டுகளைத் தானே இங்கிலீஷில் எடுத்துச் சொல்லிக்கொண்டிருப்பாள், நடுவில் மரியாதை குறையாமலும் பார்த்துக்கொள்வாள்.

'அவங்க அடிச்சிட்டாங்க' என்று தமிழ் மனைவி சொல்லும்போது, அடித்தவர் ஒருவர்தான், கணவர். அடி வாங்கிய பிறகும் வினைமுற்றில் மரியாதை ஒட்டிக்கொண்டிருக்கிறது. இங்கிலீஷுக்குப் போகும்போது அந்த மரியாதை காணாமல் போகும். மாணவியின் அறிக்கையில் சில சமயம் அடித்ததே காணாமல் போகும். 'தம்பதியரிடையே மோதல்', 'கம்யூனிகேஷன் பிராப்ளம்' என்று வழவழப்பான வார்த்தைகள் வந்து உட்காரும். மேற்பார்வையாளர் படிப்பது அதைத்தான். யார் கை, யார் கன்னம் என்பது அதில் இராது. 'மோதல்' என்று எழுதியிருக்கிறாயே, மோதியது யார் என்று கேட்கும் மேற்பார்வையாளர், அந்தக் குடும்பத்துக்குப் பாதி வைத்தியம் பார்த்துவிட்டார்.

கேட்காமல் விட்டால் என்ன ஆகும் என்பதற்குப் பெங்களூர் தூரம் போகவேண்டியதில்லை. 1990களின் பிற்பகுதியில் விமோசனா பெண்கள் அமைப்பு, விக்டோரியா மருத்துவமனையின் தீக்காயப் பிரிவுக்கு வந்த இளம் மனைவிகளின் மரணங்களைப் பின்தொடர்ந்தது. ஸ்டவ் வெடித்தது, சமையலறை விபத்து என்று பதிவாகி மூடப்பட்ட சாவுகள் அவை. இப்படியொரு சாவுக்கு முன்னால் பெண் பிறந்த வீட்டுக்கு வருவதும், பெரியவர்கள் பேசித் திருப்பி அனுப்புவதும் இந்தியாவில் எங்கும் கேட்கும் கதை. 'கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணிக்கோம்மா.' மத்திய அரசின் தேசியக் குடும்பநல ஆய்வில், 2019-21ல் கர்நாடகத்தில் மணமான பெண்களில் 100க்கு 44 பேர் கணவனின் வன்முறைக்கு ஆளானதாகச் சொன்னார்கள். தமிழ்நாட்டில் 38. அதே ஆய்வு இன்னொன்றும் கேட்டது: கணவன் மனைவியை அடிப்பது எந்தக் காரணத்துக்காவது நியாயமா? நாடு முழுவதும் பெண்களில் 45 சதவீதம், ஆண்களில் 44 சதவீதம் ஏதாவது ஒரு காரணத்துக்கு நியாயம்தான் என்றார்கள். கர்நாடகத்தில் பெண்களில் முக்கால் பங்குக்குமேல். சிகிச்சையாளரும் மேற்பார்வையாளரும் இந்த ஊரில் பிறந்து வளர்ந்தவர்கள்தான். பட்டம் வாங்கும்போது இந்த நம்பிக்கையை யாரும் வாசலில் கழற்றி வாங்கிக்கொள்வதில்லை.

அரசாங்கம் கண்டுபிடித்த மருந்து பெரும்பாலும் ஒன்றே: பெண்ணை உட்கார வைப்பது. 1984ம் வருஷத்துக் குடும்ப நீதிமன்றச் சட்டம், நீதிபதிகளை நியமிக்கும்போது பெண்களுக்கு முன்னுரிமை என்றது. மத்திய சமூக நல வாரியம் 1983ல் குடும்ப ஆலோசனை மையங்களைத் தொடங்கியது. 1992ல் சென்னை ஆயிரம் விளக்கில் தமிழ்நாட்டின் முதல் மகளிர் காவல் நிலையம் வந்தது. இங்கே சீருடையோடேயே குடும்ப ஆலோசனை நடக்கிறது, திருட்டு வழக்கைவிட வரதட்சணைத் தகராறுகளே அதிகம். பெங்களூர் போலீஸ் கமிஷனர் அலுவலகத்தில் 1999ல் 'வனிதா சகாயவாணி' தொடங்கப்பட்டது. இவற்றால் பலன் இல்லை என்று சொல்லமுடியாது. காக்கிச் சட்டைக்காரரிடம் சொல்லக் கூசியதைக் காக்கிப் புடவைக்காரரிடம் சொன்ன பெண்கள் ஏராளம்.

2005ம் வருஷத்துக் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டமும், 2006ல் வந்த அதன் விதிகளும்தான் உள்ளே இன்னும் கொஞ்சம் எட்டிப்பார்த்தன. 13வது விதி, ஆலோசகர்கள் கூடியமட்டும் பெண்களாக இருக்கட்டும் என்கிறது. வழக்கமான மருந்து. 14வது விதிதான் புதுசு. ஆலோசனையின்போது, தான் செய்த வன்முறைக்கு எதிர் நியாயம் கற்பிக்கப் பிரதிவாதிக்கு அனுமதி கிடையாது, இதை அவருக்கு முன்கூட்டியே சொல்லிவிடவேண்டும். 'அவ வாய் சும்மா இருந்தா நான் ஏன் சார் கை நீட்டறேன்?' என்ற புராதன வாக்கியத்தைச் சட்டம் கதவுக்கு வெளியே நிறுத்திவிட்டது. இரண்டு கை ஓசைத் தத்துவத்துக்கு இந்தியாவில் விழுந்த முதல் எழுத்துபூர்வமான அடி இதுவாக இருக்கும்.

ஆனால் அறைக்குள் அந்த விதி நடக்கிறதா என்று பார்ப்பது யார்? ஆலோசகர் யாராக இருக்கலாம், யாராக இருக்கக்கூடாது என்று விதிகள் சொல்கின்றன. அவரது வேலையை அனுபவசாலி ஒருவர் வாராவாரம் கேட்டுப் பேசித் திருத்தவேண்டும் என்று சொல்லவில்லை. நிம்ஹான்ஸ் போன்ற இடங்களில் இரண்டு வருஷம் உட்கார்ந்து கற்பவர்களுக்கு மேற்பார்வை கிடைக்கிறது. போலீஸ் நிலையத்தின் பக்கவாட்டு அறையில் வழக்குக்குப் பின் வழக்காகப் பார்க்கும் ஆலோசகருக்கு அது பெரும்பாலும் கிடைப்பதில்லை. அபாயம் அதிகமுள்ள குடும்பங்கள் வருவது அவரிடம்தான்.

நார்வேயின் ட்ரோம்ஸோ நகரில் 1985ல் டாம் ஆண்டர்சன் என்ற மனநல மருத்துவர் ஒரு காரியம் செய்தார். சிகிச்சை நடந்துகொண்டிருந்தபோது கண்ணாடிக்கு இந்தப் பக்கத்து விளக்கை அணைத்து, அந்தப் பக்கத்து விளக்கைப் போடச் செய்தார். ஒலியும் திசை மாறியது. இருட்டில் இருந்து பேசிக்கொண்டிருந்த நிபுணர்கள் வெளிச்சத்தில் வந்தார்கள், குடும்பம் அவர்கள் பேசுவதைக் கேட்டது. கேட்கிறார்கள் என்று தெரிந்ததும் நிபுணர்களின் பேச்சே மாறியதாம். 'இந்தப் பெண்மணி ரொம்பப் பிடிவாதம்' என்று முதுகுக்குப் பின்னால் சொல்வது சுலபம், முகத்துக்கு நேரே சொல்ல வேறு வார்த்தை தேட வேண்டும். வீட்டில் மூலைக்குத் தள்ளப்பட்ட மனைவிக்கு இதன் அருமை சொல்லாமலே விளங்கும்.

விளக்கை மாற்றிப் போட வசதியில்லாத இடத்திலும் செய்யக்கூடிய காரியங்கள் உண்டு. குடும்ப சிகிச்சை மாணவர்கள் தங்கள் சொந்தக் குடும்பத்தின் மூன்று தலைமுறை வரைபடம் ஒன்றைப் போடவேண்டும் என்பது பயிற்சியில் வழக்கம். யாருக்கு யார் என்ன உறவு, யாருக்கு என்ன நோய் என்று குறிப்பார்கள். அதில் கடைசியாகச் சாப்பிட்டவர் யார், யாருடைய படிப்பு யாருக்காக நின்றது, வீட்டுப் பத்திரம் யார் பெயரில் என்பதையும் குறிக்கச் சொன்னால் போதும், மாணவர்கள் தங்கள் பாட்டிகளைப் பற்றி அதுவரை பேசாததை எல்லாம் பேச ஆரம்பித்துவிடுவார்கள்.

டேப்பை எண்ணுவது அதைவிடச் சுலபம். பத்து நிமிடப் பேச்சு, ஒரு காகிதம், பென்சில். அம்மாவை எத்தனை தடவை நிறுத்தினோம், அப்பாவை எத்தனை தடவை நிறுத்தினோம் என்று கோடு கிழித்துக்கொண்டே வரவேண்டும். அது முடிந்ததும், மேற்பார்வை நேரத்தையும் ஒரு தடவை டேப் செய்து, அங்கே மாணவி எத்தனை தடவை நிறுத்தப்பட்டாள் என்று கோடு கிழிக்கலாம். இந்த இரண்டாவது காகிதத்துக்குத்தான் பயிற்சிக்கூடங்களில் நேரம் கிடைப்பதில்லை.